வீட்டுக்காரர் சான்றிதழ்

நெட்டையம்பேட்டையில் சடையாண்டி, தவசி, வீரணன் என்று மூன்று அண்ணன் தம்பிகள் இருந்தார்கள். மூவருக்கும் புத்தி ஒரே அளவில் இருந்ததால் வீட்டில் சண்டையே வந்ததில்லை. அவர்களுக்குப் பொதுவாக ஒரு ஓட்டு வீடு இருந்தது. எட்டு மாதமாகக் காலியாகக் கிடந்தது. ஊருக்கு மாற்றலாகி வந்த வாத்தியார் ஒருவருக்கு அது பிடித்துப்போய், "சான்றிதழை வாங்கிட்டுச் சொல்லுங்க, வெள்ளிக்கிழமையே பால் காய்ச்சிடுறேன்" என்றார்.

அந்த ஊர் நகராட்சியில் புதிதாக ஒரு விதி போட்டிருந்தார்கள். வாடகைக்கு விடுகிறவர் ஒரு நாள் பயிற்சிக்குப் போக வேண்டும். பிறகு வீட்டைக் காட்டிச் சான்றிதழ் வாங்க வேண்டும்.

விசாரிக்கப் போனபோது அதிகாரி ஜெயக்கொடி மேடம், "நாளைக்குப் பயிற்சிக்கு வரும்போது வீட்டு விவரம் எல்லாம் கையில இருக்கணும்" என்றார்.

சடையாண்டியின் உள்ளங்கையில் கதவு எண்ணை எழுதினார்கள். அறைகளின் நீள அகலம் தவசிக்கு முழங்கைவரை வந்தது. கிணறும் கக்கூசும் வீரணனின் இடது கைக்குப் போயின. அழிந்துவிடும் என்று காலையில் யாரும் கை கழுவவில்லை. அதனால் சாப்பிடவும் இல்லை. மேடம் வணக்கம் சொன்னபோது மூவரும் கையை விரித்துக் காட்டினார்கள். அவர் மூன்று பேர் கையையும் படித்துப் பதிவேட்டில் ஏற்றிக்கொண்டார். சர்வீஸில் சேர்ந்து அவருக்கு இருபத்திரண்டு வருஷமாகிறது.

பயிற்சியில் மேடம் சொன்னது இரண்டே விஷயம். "குடியிருக்கிறவர் வீட்டுக்குள்ள கதவைத் தட்டாம நுழையாதீங்க. உள்ளேயிருந்து வாங்கன்னு சொன்னாத்தான் போகணும். எப்பவும் குடியிருக்கிறவர் இடத்துல உங்களை வச்சுப் பாருங்க."

எழுதிக்கொள்ளக் கையில் இடமில்லை. மூவரும் மனப்பாடம் செய்துகொண்டார்கள்.

மறுநாள் பதினோரு மணிக்கு மேடம் வீட்டைச் சோதிக்க வந்தார். பூட்டைத் திறந்து கையில் வைத்துக்கொண்டு, சாத்திய கதவின் முன்னால் மூவரும் வெயிலில் நின்றார்கள்.

"ஏன் வெளியில நிக்கிறீங்க?"

"எட்டு மணியிலிருந்து தட்டுறோம் மேடம்" என்றான் சடையாண்டி. "இன்னும் வாங்கன்னு சொல்லலை."

"உள்ளே யார் இருக்கா?"

"யாரும் இல்லை மேடம்."

மேடம் ஸ்கூட்டரில் சாய்ந்துகொண்டார். அண்ணன் தம்பிகள் கூடிப் பேசினார்கள்.

"உள்ளே ஒருத்தர் இருந்தா வாங்கன்னு சொல்லிடுவார்" என்றான் தவசி.

"உள்ளே போனாத்தானேடா இருக்க முடியும்?" என்றான் சடையாண்டி.

வீரணன் நெடுநேரம் யோசித்தான். "அண்ணே, விதி கதவுக்குத்தான். கூரை வழியாப் போறதைப் பத்தி மேடம் எதுவும் சொல்லலை."

பதினைந்து ஓடுகளைப் பிரித்தார்கள். வீரணன் இறங்கினான். உள்ளே ஏதோ விழுந்த சத்தம் கேட்டது. விழுந்தது வீரணன்தான்.

சடையாண்டி மரியாதையாகக் கதவைத் தட்டினான்.

"யாரு?"

"வீட்டுக்காரங்க."

உள்ளே வீரணன் தன்னைக் குடியிருக்கிறவர் இடத்தில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தான். பார்க்கப் பார்க்க மனசு கசந்தது. "நல்ல நேரத்துல வந்தீங்க. கூரையில இம்புட்டுப் பெரிய ஓட்டை. மழை வந்தா நான் எங்கேங்க போவேன்?"

சடையாண்டி கதவைப் பார்த்துக் கும்பிட்டான். "தப்பு எங்க மேலதாங்க. இன்னைக்கே மூடித் தந்துடுறோம்."

"மூடுங்க. ஆனா இப்ப உள்ளே வர வேண்டாம். எனக்குக் கால் வலிக்குது."

புகார் சொன்ன அன்றே கூரையைச் சரிசெய்ய ஒப்புக்கொள்ளும் வீட்டுக்காரரை மேடம் தன் சர்வீஸில் பார்த்ததில்லை. அவருக்கு அன்றைக்கு இன்னும் ஆறு வீடு பாக்கியிருந்தது. 'தகுதி உண்டு' என்று எழுதினார். "மூணு பேரும் கையெழுத்துப் போடணும். அந்த மூணாவது ஆளையும் கூட்டிட்டு நாளைக்கு ஆபீசுக்கு வாங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

இருவரும் ஓட்டையைச் சரியாக மூடிவிட்டு வீரணனைத் தேடக் கிளம்பினார்கள். டீக்கடையில் இல்லை. முடிவெட்டும் கடையில் இல்லை. பஸ் ஸ்டாண்டில் இரண்டு பஸ்ஸை நிறுத்திப் பார்த்தார்கள். பொழுது சாயும்போது மனம் தளர்ந்துபோய், புதுசாகக் குடிவந்தவரையும் ஒரு வார்த்தை கேட்டுவிடலாம் என்று வந்து கதவைத் தட்டினார்கள்.

"எங்க தம்பி வீரணனைக் காணோமுங்க. இந்தப் பக்கம் வந்தானா?"

உள்ளே அறை அறையாக நொண்டி நடக்கும் சத்தம் கேட்டது.

"காலையிலிருந்து இங்கே நான் ஒருத்தன்தான் இருக்கேன்" என்றது குரல். "வேற யாரும் வரலை."

தவசி சத்தமாக அழுதுவிட்டான். அதைக் கேட்டுக் கதவு திறந்தது. வீரணன் நொண்டிக்கொண்டே வெளியே வந்து, கதவைச் சாத்தினான்.

"ரெண்டு பேராத் தேடினா எப்படிக் கிடைப்பான்? நடங்க, நானும் வரேன்."

மூவருமாகக் கம்மாய்ப் பக்கம் நடந்தார்கள். சடையாண்டி தவசியின் காதோரம் குனிந்தான். "தங்கமான மனுஷன்டா. வாத்தியார்கிட்ட வீடு இல்லைன்னு சொல்லிடுவோம்."