இறங்கும்போது மட்டும் அடிக்கும் மணி

வெகுகாலத்துக்கு முன்னே, கடலோரத்தில் கோரைத்துறை என்றொரு நாடு இருந்தது. மகிழ்மாறன் என்றொரு ராஜா அதை ஆண்டான். கெட்டவன் இல்லை. காலையில் ஓர் ஆசை, மாலையில் ஓர் ஆசை, அவ்வளவுதான். நல்ல சேதி மட்டுமே அவன் காதில் ஏறும்.

அவன் போட்ட சட்டங்களில் அவனுக்கே மிகவும் பிடித்தது மணிச் சட்டம். அரிவாளோ, மண்வெட்டியோ, கோடாலியோ, எந்த இரும்புச் சாமானின் விலை இறங்கினாலும் அரண்மனை வாசலில் புதிதாக ஒரு வெண்கல மணியைக் கட்டி அடிக்க வேண்டும். விலை ஏறினால்? அதைப் பற்றி ராஜா ஒன்றும் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை.

இதை முதலில் கவனித்தவர் துறைமுகச் சுங்கத் தலைவர் தேவநம்பி. உள்ளூர்க் கொல்லர்கள் ஓர் அரிவாளை மூன்று பணத்துக்கு விற்றுவந்தார்கள். நம்பி கப்பலில் இறக்கியதை ஒரு பணத்துக்கு விற்றார். டாங்! மணி அடித்தது. அந்த விலைக்கு இரும்புகூட வாங்க முடியாது என்று கொல்லர்கள் பட்டறையைப் பூட்டிவிட்டுப் பிழைப்புத் தேடி மலைக்கு அப்பால் போனார்கள். கடைசி உலையும் அணைந்த பிறகு அரிவாள் பத்துப் பணம் ஆனது. வாசலில் சத்தமே இல்லை. அடுத்த மாதம் ஒன்பது. டாங்! பிறகு பதின்மூன்று. சத்தமில்லை. பிறகு பன்னிரண்டு. டாங்!

"கேட்டீர்களா! என் ஆட்சியில் விலை இறங்கிக்கொண்டே இருக்கிறது" என்று ராஜா பூரித்துப்போவான்.

அறுவடைக் காலம் வந்தது. பூவாயி என்ற விவசாயப் பெண் ஒடிந்த அரிவாளோடு சபைக்கு வந்து நின்றாள்.

"ராசா, நெல்லு தலை சாஞ்சு நிக்குது. தெக்கே மேகம் கட்டுது. இன்னைக்கு அறுக்கலேன்னா அத்தனையும் போச்சு. அரிவாள் பன்னெண்டு பணமாம். வீட்டுப் பாத்திரம் பூரா வித்தாலும் தேறாது. பல்லால கடிச்சா அறுக்கட்டும்?"

ராஜா நம்பியைப் பார்த்தான். "விலை இறங்கிவிட்டது என்றீரே?"

"இறங்கித்தானே இருக்கிறது மகாராஜா! போன மாதம் பதின்மூன்று. இந்த அம்மாளுக்குச் சிக்கனம் போதவில்லை."

சபை சிரித்தது. மந்திரி நக்கண்ணன் மட்டும் எழுந்தார். "விலை ஏறியிருக்கிறது அரசே."

ராஜாவின் வலப்பக்கத்தில் இருந்த மந்திரி ஆசனத்தின் மேல் நம்பிக்கு நெடுநாளாக ஒரு கண். விடுவாரா?

"மந்திரியாரே, ஏறிவிட்டது என்று நீங்கள் சொன்னால் போதுமா? மகாராஜா தம் திருவாயால் சொல்லட்டும். பொழுது சாய்வதற்குள் சொல்ல வைக்க முடியாவிட்டால், ஆசனத்தை எனக்கு விட்டுவிட்டு நாட்டைவிட்டே போய்விட வேண்டும்."

"சொல்ல வைத்துவிட்டால்?"

"என் சரக்குக் கிட்டங்கிச் சாவி உங்களுக்கு!"

மந்திரி கிட்டங்கியிலிருந்து மண்வெட்டிகளைக் கொண்டுவரச் சொன்னார். வாசல் மணி ஒன்றையும் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

"அரசே, ஒரு சின்ன விளையாட்டு. இவற்றைத் தாங்கள் தோளில் சுமக்க வேண்டும். பாரம் குறையும்போதெல்லாம் மணி அடிப்போம்."

மணி என்றதுமே ராஜா தோளைக் கொடுத்துவிட்டான்.

மந்திரி நான்கு மண்வெட்டிகளைச் சத்தமில்லாமல் வைத்தார். ஒன்றை எடுத்தார். டாங்!

"பாரம் குறைந்தது! மகாராஜா வாழ்க!" பழக்கதோஷத்தில் சபை கைதட்டியது.

இன்னும் ஐந்து ஏறின. ஒன்று இறங்கியது. டாங்! மறுபடி ஆறு ஏறின. ஒன்று இறங்கியது. டாங்! எல்லோரையும்விட ஓங்கிக் கைதட்டியவர் தேவநம்பிதான். கைக்குப் பழகிப்போயிருந்தது.

ராஜா பாரத்தில் குனிந்துபோனான். "ஓய் மந்திரி! கழுத்து முறிகிறதய்யா!"

"அதெப்படி அரசே? மணிக்கு மேல் மணி அடித்துவிட்டோமே. ஒருவேளை தங்களுக்குச் சுமக்கத் தெரியவில்லையோ?"

"என்னய்யா குறைந்தது? ஏறிவிட்டது! ஏறிவிட்டது!"

கைதட்டல் நின்றது. மண்வெட்டிகள் கலகலவென்று தரையில் சரிந்தன. ராஜா தோளைத் தடவிக்கொண்டே பூவாயியைப் பார்த்தான். அன்றுதான் முதல்முறையாக அவளைச் சரியாகப் பார்த்தான். பிறகு நம்பியின் இடுப்பிலிருந்த சாவிக்கொத்தைத் தானே பிடுங்கினான்.

"நம்பி, இந்த மணியைக் கழுத்தில் கட்டிக்கொள்ளும். உம்முடைய கிட்டங்கிச் சரக்கு அத்தனையையும் நீரே தோளில் சுமந்து, வீடு வீடாகச் சும்மா கொடுத்துவிட்டு வாரும். மந்திரி, இந்தாரும் என் முத்துமாலை!"

சபை மறுபடியும் கைதட்டியது. அது ஓய்ந்த பிறகுதான் வெளியே கேட்டது. மழை. எப்போது பிடித்ததோ தெரியாது. மணிச் சத்தத்தில் இடி யார் காதிலும் விழவில்லை.

முதல் அரிவாளைப் பூவாயி கையில் கொடுத்தார்கள். பளபளவென்று இருந்தது. அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு அவள் கேட்டாள்:

"கெட்டிக்காரத்தனந்தான் சாமி. இதை வெச்சு இனிமே தண்ணியையா அறுக்க?"

முத்துமாலையோடு நின்ற நக்கண்ணன் அவள் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்தார்.

மறுநாளே ராஜா புதுச் சட்டம் போட்டான். விலை ஏறினாலும் இனி மணி அடிக்க வேண்டும். அதற்கென்று யானைத் தலை பருமனில் ஒரு பெரிய மணியை வார்த்து வாசலின் நட்டநடுவில் தொங்கவிட்டார்கள். இன்றும் தொங்குகிறது. அடித்துத்தான் யாரும் கேட்டதில்லை. காரணம், அதற்கு நாக்கு இல்லை. இரும்பில் நாக்கு அடித்துக் கொடுக்க நாட்டில் ஒரு கொல்லனும் இல்லை.

நாக்கு கப்பலில் வருகிறதாம். விலை போன மாதத்தைவிட ஒரு பணம் குறைவு என்று புதுச் சுங்கத் தலைவர் சபையில் அறிவித்தார்.

டாங்!