கூடினது எங்கே?

பசித்த கோயில் யானை சங்கிலியை இழுத்து ஆடிக்கொண்டிருந்தது. அதற்குச் சோற்றுக் கவளம் உருட்டும் மூக்காயியைக் கோயில் மணியக்காரர் சங்கரலிங்கம் மறித்தார். தர்மகர்த்தா பார்க்க, ஒரு கவளத்தைத் தராசில் வைத்தார்.

“ஒரு வீசை இருக்கணும், குறையுது. சோத்தைத் திருடுறியா? ஒவ்வொண்ணும் சரியா இல்லேன்னா உனக்கு வேலை கிடையாது!”

“கையால உருட்டுறது, ஐயா. ஒண்ணு குறையும், ஒண்ணு கூடும். இருபத்தஞ்சைச் சேர்த்து நிறுங்க. ஒண்ணோட குறையை இன்னொண்ணு சரிக்கட்டிரும்.”

நிறுத்தார்கள். இருபத்தைந்து வீசைக்கு ஒரு பிடிச் சோறுதான் வித்தியாசம்.

யானை பிளிறியது. மூக்காயி கவளத்தை எடுக்காமல் தர்மகர்த்தாவிடம் திரும்பினாள்.

“மணியக்கார ஐயா வாங்கிப் போட்ட அரிசி மூட்டையையும் இப்படியே நிறுத்துப் பார்த்திரலாமா, சாமி?”

மணியக்காரர் துள்ளினார். “மூட்டைன்னா கூடக்குறையத்தான் இருக்கும்!”

தர்மகர்த்தா விடவில்லை. இருபத்தைந்து மூட்டைகள் தராசில் ஏறி இறங்கின. ஒன்றில் இரண்டு வீசை குறைந்தது, ஒன்றில் மூன்று. கூடிய மூட்டை ஒன்றுகூட இல்லை.

மூக்காயி யானையின் வாயில் முதல் கவளத்தைக் கொடுத்தாள்.

“குறைஞ்சதெல்லாம் இங்க இருக்கு, சாமி. கூடினதெல்லாம் யார் வீட்டுல இருக்குன்னு ஐயாவையே கேளுங்க.”