தழும்புக்காரனைத் தொட்ட கை

கிட்டே வந்து உட்காருங்கள். இது பயத்தின் கதை. இதில் பயந்தவர்கள் யாரும் கெட்டவர்கள் இல்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

காடு இப்போது இருப்பதைவிடப் பெரிதாகவும், மனிதர் சத்தம் இப்போது இருப்பதைவிடச் சின்னதாகவும் இருந்த காலம். கடலுக்கு அந்தப் பக்கம், அமெரிக்கா என்று இன்று சொல்கிறார்களே அந்த மண்ணில், ஒரு பெரிய ஆற்றங்கரையில் ஷாவ்னி என்ற மக்கள் வாழ்ந்தார்கள். மரப்பட்டை போர்த்திய வீடுகள். நடுவில் ஒரு பெரிய சபைவீடு. சுற்றிலும் மக்காச்சோளம், சோளத்தட்டையில் ஏறிய அவரை, அதன் காலடியில் படர்ந்த பூசணி.

அந்த ஊருக்கு இரண்டு தலைவிகள். ஒருத்தி சமாதானத் தலைவி. அவள் பெயர் வாபித்தி, அவர்கள் பேச்சில் அன்னம் என்று அர்த்தம். விதைக்கிற நாளைச் சொல்பவள் அவள். விருந்தில் வெள்ளைச் சோளம் வேகவைப்பவளும் அவள். இன்னொருத்தி போர்த் தலைவி. அவள் பெயர் அலக்வா, நட்சத்திரம் என்று அர்த்தம். விருந்தில் இறைச்சிப் பானை அவளுடையது.

இரண்டு பேருக்கும் ஒரு பெரிய வேலை இருந்தது. பிடிபட்ட அந்நியன் ஒருவனை ஊருக்குக் கொண்டுவந்தால், ஊர்வாயிலுக்கு இரண்டு பேரும் ஓடி வரவேண்டும். வாபித்தியின் கை முதலில் பட்டால் அவன் பிழைத்தான். ஆற்றில் குளிக்க வைத்து, வயிறு நிறையச் சாப்பாடு போட்டு, ஏதாவது ஒரு வீட்டுக்குப் பிள்ளையாக்கிவிடுவார்கள். அலக்வாவின் கை முதலில் பட்டால் அவனுக்கு நெருப்பு. படை நடத்துகிறவன்கூட அதை மாற்ற முடியாது. யார் கையும் படாதவன் யாருக்கும் உரியவன் இல்லை. அவனைக் கொல்லவும் கூடாது. அவனுக்கு ஒரு வாய் தண்ணீர் கொடுக்கவும் கூடாது.

ஒரு இலையுதிர் காலம். அறுவடை முடிந்து, ரொட்டி நடனம் என்ற அறுவடைத் திருவிழாவுக்கு ஊர் தயாராகிக்கொண்டிருந்தது. அப்போதுதான் பயம் வந்தது. மூன்று தடவையாக வந்தது.

முதலில், ஆற்றின் கீழ்ப்பக்கம் இருந்த வேற்று ஊரில் புகை நின்றுபோனது.

அடுத்து, அந்தப் பக்கத்து நாய்கள் ஆற்றில் நீந்தி இந்தக் கரைக்கு வந்தன. எலும்பும் தோலுமாக வந்தன. ஒன்றுகூடக் குரைக்கவில்லை.

மூன்றாவதாக, என்னவென்று பார்த்துவரப் போன பெசேவா திரும்பி வந்தான். பெசேவா என்றால் காட்டுப்பூனை. படை நடத்துகிறவன் அவன்தான், வாபித்திக்குத் தம்பி மகன். பத்துப் பேரோடு போயிருந்தான்.

"ஊரே காலி அத்தை," என்றான். "அடுப்பில் பானை இருக்கிறது, பானையில் சோளம் இருக்கிறது, சாப்பிட ஆள் இல்லை. ஒரு அம்பு இல்லை, ஒரு சொட்டு ரத்தம் இல்லை. புதுக் குழிகள் வரிசையாக இருக்கின்றன. கடைசிக் குழி பாதியில் நிற்கிறது."

"பாதியில் என்றால்?"

"தோண்டினவன் அதற்குப் பக்கத்திலேயே கிடக்கிறான்."

கேட்டவர்கள் பிள்ளைகளைக் கிட்டே இழுத்துக்கொண்டார்கள்.

அந்த ஊரிலிருந்து ஏழு சிவப்புக் கம்பளிகளை அவர்கள் படகில் கொண்டுவந்திருந்தார்கள். புத்தம் புதுசு மாதிரி இருந்தன. "செத்தவர்களுக்குக் குளிராது. நடனத்துக்கு ஆகும்," என்றான் பெசேவா. அவற்றைச் சபைவீட்டுக்கு முன்னால் ஒரு கழியில் தொங்கவிட்டார்கள்.

ஒரு மனிதனையும் கொண்டுவந்திருந்தார்கள். அவன் பாஷை யாருக்கும் தெரியவில்லை. முகமெல்லாம் குழி குழியாகத் தழும்பு. கழுத்திலும் தழும்பு. கை இரண்டிலும் தழும்பு. யாரும் தொடாமல், நீளக் கம்புகளால் நெட்டித் தள்ளிக்கொண்டே வந்து, ஊர்வாயில் மரத்தில் தூரத்திலிருந்து கயிறு வீசிக் கட்டினார்கள்.

"அந்த ஊரை அழித்த சூனியக்காரன் இவன்தான்," என்றான் பெசேவா. "எங்கள் படகைக் கரையோரமாகத் துரத்திக்கொண்டே ஓடி வந்தான். பதினோரு பேரை ஒருத்தன் துரத்துவானா? சூனியக்காரன்தான் துரத்துவான்."

அலக்வா ஓடி வந்தாள். ஊரிலேயே அவளைப்போல் ஓட ஆள் கிடையாது. பத்தடி தூரத்தில் அவள் கால் நின்றுவிட்டது. அந்த முகத்தைப் பார்த்தாள். பானையில் சோளமிருந்தும் ஆளில்லாத ஊரை நினைத்தாள்.

வாபித்தியும் வந்தாள். பன்னிரண்டடியில் நின்றாள்.

"என்ன அக்கா, நின்றுவிட்டாய்? வான்கோழிக் குடிக்காரி தலையைத் தூக்கிக்கொண்டு கூண்டுக்குள் நேராகப் போவாளே," என்றாள் அலக்வா. அங்கே ஒவ்வொரு குலத்துக்கும், அதாவது குடிக்கும், ஒரு பிராணியின் பெயர் உண்டு; ஒருவர் குடியை ஒருவர் கேலி செய்வது அந்த மக்களின் வழக்கம், கோபித்துக்கொள்ளக் கூடாது.

"நீ இரண்டடி முன்னால்தானே நிற்கிறாய் தங்கச்சி. எட்டிக் கையை நீட்டேன்," என்றாள் வாபித்தி.

அலக்வா நீட்டவில்லை. இவளும் நீட்டவில்லை. அந்த மனிதன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தான்.

அன்று பெசேவா ஒரு யோசனை சொன்னான். "கம்பால் தொட்டால் போதாதா?"

சபைப் பெரியவர்கள் தலையாட்டவில்லை. "கம்பு தொட்டால் கம்புக்குத்தான் அவன் சொந்தம்," என்றார்கள்.

இரண்டாம் நாள் அலக்வா கையில் மான்தோலைச் சுற்றிக்கொண்டு வந்தாள்.

"அது மான் தொட்டதாக ஆகும். மானுக்கு எப்போது தலைவி பட்டம் கட்டினோம்?" என்றார்கள். இரண்டு பேர் சிரித்தார்கள். சிரிப்பு பாதியிலேயே காய்ந்துபோனது.

மூன்றாம் நாள் வந்தது. மழை இல்லை. அந்த மனிதனின் நாக்கு வெளியே வந்துவிட்டது. அன்று பொழுது சாய்வதற்குள் செத்துவிடுவான் என்று எல்லாருக்கும் தெரிந்தது.

இந்த மூன்று நாளும் அவன் ஒன்றையே செய்துகொண்டிருந்தான். சபைவீட்டுப் பக்கம் முகத்தை ஆட்டுவான். தோளைக் குறுக்கிப் போர்த்திக்கொள்வதுபோல் காட்டுவான். கன்னத்தை மரத்தில் தேய்ப்பான். கண்ணை மூடித் தலையைத் தொங்கவிடுவான். மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பான்.

"மந்திரம் போடுகிறான்," என்று தாய்மார்கள் பிள்ளைகளின் கண்ணைப் பொத்தினார்கள்.

உச்சிப் பொழுதில் குளிர்காற்று அடித்தது. பெசேவா கழியிலிருந்து ஒரு கம்பளியை எடுத்தான். "போர்த் தலைவி பங்கு, இந்தா," என்று அலக்வாவிடம் நீட்டினான். அவள் வாங்கி விரித்தாள். தோளில் போடப்போனாள்.

அந்த மனிதன் கத்தினான். செத்துக்கொண்டிருந்த தொண்டையில் அத்தனை சத்தம் எங்கே இருந்ததோ. கட்டின கயிறு தெறிக்கிற மாதிரி அவள் பக்கம் பாய்ந்தான். அலக்வா கம்பளியைக் கீழே போட்டுவிட்டு ஓடினாள். எல்லாரும் ஓடினார்கள். காலியாகிப்போன திடலில் வாபித்தி மட்டும் நின்றாள். ஓடத்தான் நினைத்தாள், முழங்கால் ஒத்துழைக்கவில்லை.

நின்றதால் ஒன்றைப் பார்த்தாள். அலக்வா ஓடிப்போன பிறகும் அவன் கண் அவள் பின்னால் போகவில்லை. கீழே கிடந்த கம்பளியிலேயே இருந்தது.

வாபித்தி யோசித்தாள். பதினோரு பேரைத் தனியாகத் துரத்துகிறவன் யார்? சண்டைக்கு வருகிறவன் துரத்த மாட்டான். தப்பிக்கிறவன் துரத்த மாட்டான். ஏதோ சொல்ல வேண்டும் என்று தவிக்கிறவன் துரத்துவான்.

தூரத்தில் ஒதுங்கி நின்ற ஊரைப் பார்த்து அவள் சொன்னாள்: "எனக்குப் பயமாக இருக்கிறது. என் வீட்டில் ஒன்பது உயிர் இருக்கிறது. இவனைத் தொட்ட பிறகு நான் ஊருக்குள் வரமாட்டேன். வெளியே குடிசை போட்டு, ஒரு முழு நிலா தேய்ந்து வளரும்வரை அங்கேயே இருப்பேன். செத்தால் அங்கேயே எரித்துவிடுங்கள்."

"வேண்டாம் அத்தை," என்றான் பெசேவா.

"பூனைக் குடிக்காரன் காலை நனைக்க வேண்டாம். நீ தள்ளி நில்."

நடந்தாள். பத்தடி. ஐந்தடி. ஓரடி. கை நடுங்கிய நடுக்கத்தில் முதல் தடவை அவன் முகம் தவறி, காற்றில்தான் பட்டது. இரண்டாம் தடவை, வெறும் உள்ளங்கையை அவன் கன்னத்தில் வைத்தாள்.

காய்ச்சல் இல்லை. ஈரம் இல்லை. சீழ் இல்லை. எல்லாம் என்றைக்கோ ஆறிப்போன தழும்பு. உழுது காயவிட்ட நிலம் மாதிரி இருந்தது அந்தக் கன்னம். நோய் அவனுக்கு வந்து, அவனைத் தின்ன முடியாமல் விட்டுவிட்டுப் போயிருந்தது.

அவிழ்த்துவிட்டாள். சுரைக்குடுவையில் தண்ணீர் கொடுத்தாள். குடித்ததும் அவன் செய்த முதல் வேலை என்ன தெரியுமா? தவழ்ந்து போய் ஒரு கம்பை எடுத்து, கையால் தொடாமல், கம்பளிகளை ஒவ்வொன்றாக நெம்பி, சபைவீட்டுக்கு முன்னால் எரிந்துகொண்டிருந்த நெருப்பில் போட்டான்.

பெசேவா குண்டாந்தடியை ஓங்கினான்.

"என் கை பட்டவன் அவன். அவன் எரிப்பது நான் எரிப்பது," என்றாள் வாபித்தி. ஓங்கிய கை இறங்கியது.

கடைசிக் கம்பளியும் பற்றிக்கொண்டதும் அந்த மனிதன் ஊரைப் பார்த்துக் கையால் பேசினான். நெருப்பைக் காட்டினான். தன் முகத்தைக் காட்டினான். பிறகு தரையிலிருந்து முழங்கால் உயரத்தில் கையை வைத்தான். இடுப்புயரத்தில் வைத்தான். மார்புயரத்தில் வைத்தான். மூன்று பிள்ளைகள். கன்னத்தில் கையை வைத்துக் கண்ணை மூடிக் காட்டினான். இந்தத் தடவை யாரும் பிள்ளைகளின் கண்ணைப் பொத்தவில்லை.

வாபித்தி சாம்பலைப் பார்த்தாள். "எத்தனை எரிந்தது?"

"ஆறு," என்றாள் அலக்வா.

"கொண்டுவந்தது ஏழு அல்லவா?"

பெசேவாவின் முகம் வெளுத்தது. "வந்த அன்றைக்கே என் வீட்டுக்காரிக்குக் கொடுத்துவிட்டேன்," என்றான். "மூன்று நாளாக அதில்தான் படுக்கிறாள்."

ஓட ஆரம்பித்தான்.

"தம்பி," என்றாள் வாபித்தி. "உள்ளே போனால் நான் சொல்லும்வரை வெளியே வராதே."

அவன் உள்ளே போனான். கதவாகத் தொங்கிய தோல் இறங்கியது.

கம்பளி சுமந்த பத்துப் பேரும் ஊருக்கு வெளியே தனித்தனியாகக் குடிசை போட்டார்கள். வாபித்தியும் போட்டாள். கம்பளியை விரித்த அலக்வாவும் போட்டாள். பன்னிரண்டு நாள் ஒன்றும் இல்லை. சில பேர் முணுமுணுக்கவும் ஆரம்பித்தார்கள். பதின்மூன்றாம் நாள் பெசேவாவின் வீட்டிலிருந்து முனகல் கேட்டது.

அந்த வீட்டுக்குள் போகவும், அந்தக் குடிசைகளுக்குள் போகவும் ஊரில் ஒரே ஒரு ஆளால்தான் முடிந்தது. தழும்புக்காரன் போனான், ஒரு தடவை வந்துபோனவனை அந்த நோய் மறுபடி தொடாது. தண்ணீர் கொண்டுபோனான், கஞ்சி கொண்டுபோனான், பிணத்தைக் கொண்டுவந்தான். தன் குடிசை வாசலில் கஞ்சியைக் காய்ச்சி வழியில் வைத்துவிட்டுத் தள்ளி நிற்பது அலக்வாவின் வேலையாயிற்று. பத்துப் பேரில் மூன்று பேர் செத்துப்போனார்கள். பெசேவாவின் மனைவியும் செத்துப்போனாள். மற்ற எந்த வீட்டுக்கும் அது வரவில்லை. ஊரின் அறுபது அடுப்பிலும் புகை நிற்கவில்லை. வாபித்திக்கும் அலக்வாவுக்கும் ஒரு தும்மல்கூட வரவில்லை.

பனி விழுந்த பிறகு ஒரு காலையில் பெசேவா கதவுத்தோலைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்தான். முகமெல்லாம் குழி. ஒரு கண்ணில் பார்வை இல்லை. அவனைப் பார்த்ததும் ஊர் தன்னையறியாமல் பின்னால் நகர்ந்தது. அவன் அதைப் பார்த்தான். அங்கேயே நின்றான்.

தழும்புக்காரன் அப்போது சபைவீட்டுக்கு வெளியே உட்கார்ந்து தின்றுகொண்டிருந்தான். பெசேவாவைப் பார்த்ததும் கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டான்.

"உட்கார் தம்பி," என்றாள் வாபித்தி. "அவர்கள் பயம் போகும்போது போகட்டும். உனக்குப் பசிக்குமே."

பெசேவா உட்கார்ந்தான். தழும்புக்காரன் நீட்டிய கிண்ணத்தை வாங்கினான். அவனைக் கம்பால் நெட்டித் தள்ளிய கைதான் அது.

ஆகையால் கேளுங்கள்: பயம் வருவது தப்பில்லை, பயந்துகொண்டாவது கிட்டே போய்ப் பார்க்காமல் ஒரு மனிதனைத் தீயவன் என்று முடிவு கட்டுவதுதான் தப்பு.