கார்னீலியஸ் என்றொரு பன்றி

அமெரிக்கா என்கிற நாடு அப்போதுதான் எழுந்து நடக்கப் பழகிக்கொண்டிருந்தது. அதில் ஒரு மூலை மாகாணத்தில் எபினேசர் டாகெட் என்று ஒரு வக்கீல். கோட்டுதான் குட்டை, வாய் நீளம். அவருடைய முதல் வழக்கிலேயே, தீர்ப்புச் சொல்ல உட்கார்ந்த பன்னிரண்டு ஜூரிகளுக்கும் எதிராளி கோழி வறுத்துப் போட்டு ஜெயித்துவிட்டான். டாகெட்டுக்கு வந்ததே கோபம்! தேர்தலில் நின்றார், சட்டசபைக்குப் போனார், ஒரே ஒரு சட்டம் கொண்டுவந்தார். தீர்ப்புச் சொல்லும்வரை ஜூரிகளுக்குச் சாப்பாடு கிடையாது, தண்ணீர் கிடையாது, குளிர்காய நெருப்பும் கிடையாது!

ஊரே பல்லைக் கடித்தது. ஆனாலும் மூளைக்காரர் என்று அவரை நீதிபதியாக்கினார்கள். அந்தப் பக்கத்தில் கோர்ட்டுக் கட்டடம் ஏது? நீதிபதி குதிரையேறி ஊர் ஊராகப் போவார். சத்திரத்துக் கூடம்தான் கோர்ட்டு.

அந்த மாகாணத்துக் கவர்னர் கார்னீலியஸ் பாப்காக். அவருடைய தொந்தி முன்னே வரும், அவர் பின்னே வருவார். மார்த்தா என்ற சத்திரக்காரி தன் பன்றிக்குக் கார்னீலியஸ் என்று பெயர் வைத்திருப்பதாக யாரோ அவர் காதில் போட்டார்கள். மனிதர் தாம்தூம் என்று குதித்தார்.

“அவளுக்கு ஒரு வருஷம் ஜெயில்! சத்திரத்துக்குப் பூட்டு! அந்தப் பன்றியையும் கோர்ட்டுக்குக் கொண்டுவர வேண்டும்!” என்று உத்தரவு எழுதினார். ஜூரிகளாகத் தன் சீட்டாட்டக் கூட்டாளிகளையே பொறுக்கிப் போட்டார்.

டாகெட் விசாரணைக்கு முதல் நாளே அந்தச் சத்திரத்தில் வந்து இறங்கினார். மார்த்தா அழுதுகொண்டிருந்தாள்.

“ஏனம்மா அந்தப் பெயரை வைத்தாய்?”

“வேறு எந்தப் பெயருக்கும் அது திரும்பிப் பார்க்கவில்லை ஐயா. இதற்குத்தான் ஓடி வந்தது. நான் ஜெயிலுக்குப் போனால் இந்தச் சத்திரம் போச்சு, என் பிழைப்பே போச்சு.”

டாகெட் உத்தரவை இரண்டு தடவை படித்தார். சிரித்துவிட்டார். “பன்றியைக் கொண்டுவரச் சொல்லியிருக்கிறார். உயிரோடு என்று எழுதவில்லையே! போய் அடுப்பை மூட்டு.”

ஒரு நீதிபதி இப்படிச் சொல்லலாமா என்று கேட்காதீர்கள். பழைய வக்கீல் புத்தி, எங்கே போகும்?

மறுநாள் காலையில் சத்திரத்துக் கூடத்தில் விசாரணை தொடங்கியது. கவர்னரே வேடிக்கை பார்க்க முன்வரிசையில் வந்து உட்கார்ந்தார். டாகெட் ஒவ்வொரு சாட்சியையும் பாட்டன் பெயர்வரை கேட்டார். மதியம் தாண்டியது. ஜூரிகளின் வயிறு கத்தியது.

“தடயப் பொருள் வரட்டும்!”

பெரிய தாம்பாளத்தில் வந்தது. தோல் மொறுமொறுவென்று பொன்னிறம், வாயில் ஒரு ஆப்பிள். வாசனை கூடத்தைத் தூக்கியது. பன்னிரண்டு தொண்டைகள் ஒன்றாக எச்சில் விழுங்கின.

ஜூரிகளின் தலைவர் மெல்ல எழுந்தார். “ஐயா, ஒரு சின்ன சந்தேகம். தீர்ப்புக்குப் பிறகு... அது எங்கே போகும்?”

“குற்றவாளி என்றால் அரக்கு முத்திரை வைத்துத் தலைநகரத்து ஆவண அறைக்குப் போகும். நிரபராதி என்றால் சொந்தக்காரியிடம் திரும்பும். மார்த்தா, அதை என்ன செய்வாய்?”

“பதினாலு தட்டு கழுவி வைத்திருக்கிறேன் ஐயா.”

“நிரபராதி!” பன்னிரண்டு பேரும் எழுந்த வேகத்தில் பெஞ்சு கவிழ்ந்தது. மார்த்தா ஒரே நேரத்தில் அழுதாள், சிரித்தாள், கத்தியையும் எடுத்தாள்.

கவர்னர் முகம் தக்காளியாகச் சிவந்தது. “டாகெட்! என் மானம் என்ன ஆவது?”

“உங்கள் பெயரில் இன்னொருவன் இருக்கிறான் என்பதுதானே குறை? கால் மணி நேரம் பொறுங்கள். மாகாணம் முழுக்கத் தேடினாலும் ஒரே ஒரு கார்னீலியஸ்தான் மிஞ்சுவார்.”

கவர்னர் முறைத்தார். தாம்பாளத்தைப் பார்த்தார். அவரும் காலையிலிருந்து பட்டினிதான். தொந்தி குலுங்கத் தொடங்கியது. கண்ணில் நீர் வரச் சிரித்தபடி நாற்காலியை இழுத்துப் போட்டார்.

“கால் மணி நேரம் எதற்கு? அந்தப் பின்னந்தொடையை இப்படித் தள்ளும் ஐயா, ஐந்தே நிமிஷத்தில் முடித்துவிடலாம்!”