கிளி இல்லாத தோடு

முன்னொரு காலத்தில், பொன்னின் விலையை முழுதாக அறிந்த மனிதர் உலகத்திலேயே ஒருவர்தான் இருந்தார். மற்ற எல்லோரும் ஏமாந்துகொண்டிருந்தார்கள். அந்த ஒருவர் தொழிலால் அரசர் என்பதால் இதை யாரும் மறுத்துப் பேசவில்லை.

மன்னர் தனஞ்சயர் ஒருநாள் கொலுமண்டபத்தில் எழுந்து நின்று இந்த உண்மையைச் சபைக்கு அறிவித்தார்.

"பொன் என்றால் எடை. எடை போக மற்றதெல்லாம் வெறும் பேச்சு. நகை செய்யும் பத்தர் வாசலில் போய் உட்கார்ந்து, உருக்கியதில் போயிற்று, அராவியதில் போயிற்று என்று அவன் சேதாரம் சொல்ல, அதற்கு மேல் செய்கூலியும் சொல்ல, எல்லாவற்றுக்கும் தலையாட்டிக் கொடுத்துவிட்டு வருகிறவன் கண்ணிருந்தும் குருடன். நம் நாட்டில் இனி அப்படி ஒரு குருடன் இருக்கக் கூடாது."

சபை கைதட்டியது. பொன்பண்டாரத்துக்குத் தலைவரான காங்கேயர் எல்லோரும் நிறுத்திய பிறகும் தட்டினார். அது அவர் வழக்கம்.

சொன்னதை மெய்ப்பிக்க ஒரு நகை வேண்டும் அல்லவா? மன்னர் அந்தப்புரத்துக்குப் போனார். அரசி செண்பகதேவி அப்போதுதான் குளித்துவிட்டுக் கூந்தலுக்குச் சாம்பிராணி காட்டிக்கொண்டிருந்தாள். காதுத் தோடுகளைக் கொஞ்ச நேரம் தரும்படி கேட்டார். எதற்கு என்று அவள் கேட்கவில்லை. கழற்றி அவர் உள்ளங்கையில் வைத்தாள். காதின் சூடு அதில் இன்னும் இருந்தது. ஒவ்வொரு தோட்டிலும் ஒரு கிளி செதுக்கியிருக்கும். கிளிக்குக் கண்ணாக ஒரு சிவப்புக் கல். கல்யாணத்துக்கென்று செய்த தோடு.

சபை நடுவில் தோடுகளை நிறுத்தார்கள். உருக்கினார்கள். மறுபடி நிறுத்தார்கள். முன்னைவிடக் குறைந்திருந்தது. "பார்த்தீர்களா, நம்மையே ஏமாற்றியிருக்கிறான்" என்று மன்னர் வெற்றி முழக்கம் செய்தார். அன்றே சட்டம் பிறந்தது: நகைக்கு விலை அதிலுள்ள பொன்னின் எடை மட்டுமே, அதற்கு மேல் கேட்டவருக்கும் அபராதம், கொடுத்தவருக்கும் அபராதம். யாரும் மறந்துவிடக் கூடாதென்று அதைக் கோட்டை வாசலில் ஒரு கல்லில் வெட்டி நட்டார்கள்.

மன்னர் அந்தப் பொற்கட்டியை அரசியிடம் கொண்டுபோய்க் கொடுத்தார். அவள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு பக்கத்தில் நின்ற தோழியிடம் சொன்னாள்: "கிளி எந்தப் பக்கம் இருக்கிறது என்று மன்னரைக் கேள்."

மன்னர் பதில் யோசித்துக்கொண்டிருக்கும்போதே அவள் ஏறிய பல்லக்கு ஆற்றைத் தாண்டிவிட்டது. அரசியின் பிறந்த வீடு அக்கரையில் இருந்தது.

அதன்பிறகு நாட்டில் சட்டம் நன்றாக நடந்தது. கூலி இல்லை என்றதும் பத்தர்கள் வேலை செய்வதை விட்டுவிட்டார்கள். பொன்னை இரண்டு தட்டு தட்டிக் கொடுத்தார்கள். வளைத்துக் கொடுத்தால் வளையல், வளைக்காமல் கொடுத்தால் பதக்கம். மெல்லிய சங்கிலி, பூவேலை, உள்ளே கூடாகச் செய்யும் ஜிமிக்கி, இவையெல்லாம் கையால் மெனக்கெட்டுச் செய்ய வேண்டியவை. ஊரில் ஒன்றுகூட இல்லாமல் போயிற்று. கல்யாணப் பெண்களை இரண்டு பக்கமும் தாங்கி மணவறைக்கு அழைத்து வந்தார்கள். வெட்கம் என்று வெளியூர்க்காரர்கள் நினைத்தார்கள். பாரம்.

மன்னருக்கு இதில் எதுவும் கண்ணில் படவில்லை. சாயங்காலமானால் ஆற்றுப் பக்கத்து மாடத்தில் போய் நிற்பார். சாம்பிராணி வாசனை வரும் நேரத்துக்கு மூக்கு தானாக அந்தப்புரத்துப் பக்கம் திரும்பும். அங்கே பூட்டு தொங்கும். சாப்பிடும்போது ஏதாவது வேடிக்கையாகத் தோன்றினால் சொல்லிவிட்டு வலது பக்கம் பார்ப்பார். அங்கே ஒரு தூண் இருந்தது. தூண் சிரிக்கவில்லை. பொற்கட்டியை இடுப்பிலேயே முடிந்து வைத்திருந்தார். அடிக்கடி எடுத்து நான்கு பக்கமும் பார்ப்பார். பார்க்கும்போது யாராவது வந்துவிட்டால் எடை பார்ப்பதுபோல் கையில் தூக்கிக் காட்டுவார்.

ஒருமுறை அந்தக் கட்டியையே தூதனிடம் கொடுத்து அனுப்பினார். பொன் குறையவில்லை, வந்துவிடு என்று சொல்லச் சொன்னார். கட்டி திரும்பி வந்தது. அரசி ஏதாவது சொன்னாளா என்று கேட்டார். படகுக்காரனுக்குச் சாப்பாடு போடச் சொன்னார்கள், வேறொன்றும் சொல்லவில்லை என்றான் தூதன். அதைச் சொன்னபோது குரல் எப்படி இருந்தது என்று மன்னர் கேட்டார். தூதனுக்கு அதைச் சொல்லத் தெரியவில்லை.

அந்தச் சபையில் விடங்கன் என்று ஒரு விகடகவி இருந்தான். மன்னரைச் சிரிக்க வைப்பது அவன் உத்தியோகம். அரசி போனதிலிருந்து மன்னர் சிரிக்கவே இல்லை என்பதால் அவன் சும்மா உட்கார்ந்து சம்பளம் வாங்குகிறான் என்று காங்கேயர் கணக்குப் போட்டார். அவனை ஊரைவிட்டு அனுப்ப இதுதான் சமயம் என்று அவருக்குத் தோன்றியது. ஒருநாள் சபையில் எழுந்து வணங்கினார்.

"மகாராஜா, அரசியார் அதே தோட்டுக்காகத்தான் காத்திருக்கிறார்கள் என்று எண்ணுகிறேன். இந்தக் கட்டியிலிருந்தே அதைச் செய்துவிடலாம். ஆனால் சட்டத்தை மீறக் கூடாது. கூலி தரக் கூடாது. கொடுத்த பொன்னில் ஒரு பொட்டும் குறையக் கூடாது. இப்படிச் செய்து முடிக்கும் சாமர்த்தியம் நம் விடங்கனுக்கு மட்டுமே உண்டு. முடியாவிட்டால் அவனுக்கு இந்த நாட்டில் என்ன வேலை?"

இது பொறி என்பது யானைப்பாகன் வரைக்கும் எல்லோருக்கும் தெரிந்தது. மன்னருக்கும் தெரிந்திருக்கும். ஆனால் 'அதே தோடு' என்ற சொல்லுக்குப் பிறகு அவர் காதில் எதுவும் ஏறவில்லை. இடுப்பிலிருந்து கட்டியை அவிழ்த்து விடங்கனிடம் கொடுத்தார். கொடுத்த கை கொஞ்ச நேரம் நீட்டியபடியே இருந்தது.

"எப்போது கிடைக்கும்?" என்றார். அரசர் கேட்பதுபோல் இல்லை.

"சட்டம் அனுமதிக்கிற வேலை சீக்கிரம் முடிந்துவிடும், மகாராஜா" என்றான் விடங்கன்.

சில நாள் கழித்து, சபை கூடியிருந்தபோது அரண்மனை வாசலில் ஒரு மாட்டு வண்டி வந்து நின்றது. அதிலிருந்து மூட்டை மூட்டையாக இறக்கி மண்டபத்துக்குள் கொண்டுவந்தார்கள். சாம்பல் ஒரு மூட்டை. தரையிலிருந்து சுரண்டிய மண் ஒரு மூட்டை. உமி போட்டு நெருப்பு மூட்டும் ஒரு உமியோடு, ஒரு அரம், மயிர் கொட்டிப்போன ஒரு தூரிகை, கிழிந்த பாய், அழுக்கு வேட்டி. கடைசியாக, யாரிடமோ இரவல் வாங்கிய வேட்டியில் ஒரு மனிதர் வந்து கூச்சத்தோடு நின்றார். அவர் நகரத்திலேயே பெரிய கைகாரரான வயிரவப் பத்தர்.

விடங்கன் ஒரு துணிப்பொட்டலத்தை மட்டும் மன்னரிடம் கொடுத்துவிட்டு, காங்கேயர் பக்கம் திரும்பினான்.

"ஐயா, பொன்னை நிறுத்துப் பார்த்தால் கொஞ்சம் குறையும். பயப்பட வேண்டாம். எங்கும் போய்விடவில்லை, எல்லாம் இங்கேதான் இருக்கிறது. உருக்கும்போது சிந்தியது சாம்பலில் இருக்கிறது. அராவும்போது பறந்தது மண்ணிலும் பாயிலும் இருக்கிறது. மிச்சம் இவருடைய அழுக்கு வேட்டி மடிப்பிலும் நகக்கண்ணிலும் இருக்கிறது. நகத்தை வீட்டிலேயே வெட்டலாமா, தங்கள் எதிரில்தான் வெட்ட வேண்டுமா என்று கேட்டு நிற்கிறார். ஒரு பொட்டும் குறையக் கூடாது என்று சொன்னது தாங்கள்தான். அரித்து எடுத்துக்கொள்ளுங்கள்."

தண்ணீர்த் தொட்டி வந்தது. பொன்பண்டாரத் தலைவர் பட்டுச் சால்வையை இடுப்பில் இறுக்கிக் கட்டிக்கொண்டு சாம்பலை அரிக்க உட்கார்ந்தார். முதல் பிடியிலேயே தும்மினார். தும்மலில் பறந்ததையும் கணக்கில் சேர்க்க வேண்டும் என்று விடங்கன் பணிவாக நினைவூட்டினான். வெயில் முற்றத்தைத் தாண்டி மண்டபத்துக்குள் வந்துவிட்டது. காங்கேயரின் விரல் நுனியில் மினுக்கென்று ஏதோ ஒட்டியிருந்தது. அதுவும் வியர்வையாக இருக்கலாம்.

"இதற்குத்தான் பத்தர்கள் சேதாரம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள், மகாராஜா" என்றான் விடங்கன். "நாம் அதற்கு வேறு பெயர் வைத்தோம்."

ஆனால் மன்னர் அதைக் கேட்கவில்லை. அவர் பொட்டலத்தைப் பிரித்து மடியில் வைத்திருந்தார். இரண்டு வட்டத் தகடுகள். வழவழவென்று, பளபளவென்று. வேறொன்றும் இல்லை.

"கிளி எங்கே?" என்றார் மன்னர்.

விடங்கன் கைகட்டி நின்றான். "அதில்தான் சிக்கல், மகாராஜா. கிளியைச் செய்ய இதன்மேல் பொன்னைச் சேர்க்க வேண்டியதில்லை. உளியால் வெட்டி எடுக்க வேண்டும். இறகுக்குக் கொஞ்சம், மூக்குக்குக் கொஞ்சம், கண்ணுக்கு ஒரு குழி. கிளி வர வரத் தோட்டின் எடை குறைகிறது. எடை குறைந்தால் சட்டப்படி விலையும் குறைகிறது. அதாவது கிளி செதுக்கினால் பத்தர்தான் அரண்மனைக்குப் பணம் தர வேண்டும். அவர் ஏழை. அதனால் வெறும் தகடாகவே கொண்டுவந்துவிட்டேன்."

காங்கேயர் தொட்டியிலிருந்து தலையை நிமிர்த்தி, செதுக்குவதற்கெல்லாம் கூலி கேட்பது கொள்ளை என்றார்.

"தாங்கள் சொன்னால் சரி" என்றான் விடங்கன். "அந்தச் சட்டத்தைக் கல்லில் வெட்டினானே கல்தச்சன், வெட்ட வெட்டக் கல்லின் எடை குறைந்துதானே போனது? அவனுக்குப் பண்டாரத்திலிருந்து தாங்கள் கூலி கொடுத்தீர்களா, இல்லை குறைந்த கல்லுக்கு அவனிடம் வசூல் செய்தீர்களா?"

காங்கேயர் மறுபடி சாம்பலைப் பார்த்துக் குனிந்துகொண்டார்.

முதலில் சபைக்கு அது இருமல் என்றுதான் பட்டது. மன்னர் சிரித்துக்கொண்டிருந்தார். தோள் குலுங்கியது; கண்ணில் நீர் வந்தது; துடைத்துவிட்டு மறுபடி சிரித்தார். சிரித்து முடித்ததும் பழக்கத்தில் வலது பக்கம் திரும்பினார். அங்கே யாரும் இல்லை. சிரிப்பு அப்படியே நின்றது.

தம் கையிலிருந்த கடகத்தைக் கழற்றி விடங்கனுக்குப் போட்டார். நாட்டைவிட்டு யாரும் போக வேண்டாம் என்றார். பத்தருக்குப் புது வேட்டி கொடுக்கச் சொன்னார். காங்கேயருக்குத் தனியாக உத்தரவு எதுவும் வேண்டியிருக்கவில்லை. ஏற்கெனவே கொடுத்த வேலை பாதிகூட முடியவில்லை.

சட்டத்தை எடுத்துவிடலாமே என்று விடங்கன் மெல்லக் கேட்டான். கல்லில் வெட்டியாகிவிட்டது, பார்க்கலாம் என்றார் மன்னர். அரசர்களுக்குச் சில சொற்கள் தொண்டையில் மாட்டிக்கொள்ளும்.

மறுநாள் உச்சிவெயிலில், தெருவில் ஆள் நடமாட்டம் குறைந்த நேரமாகப் பார்த்து, தலையில் முக்காடு போட்ட ஒருவர் பத்தர் தெருவுக்கு வந்தார். வயிரவப் பத்தர் உள்ளே உமியோட்டை ஊதிக்கொண்டிருந்தார். வாசலில் விலை பேசுவது அவர் மனைவி தில்லையம்மை. வந்தவரின் செருப்பை ஒரு பார்வை பார்த்தாள். அதில் முத்து தைத்திருந்தது. அவள் ஒன்றும் காட்டிக்கொள்ளவில்லை.

வந்தவர் இரண்டு தகடுகளை எடுத்து வைத்தார். இதில் கிளி வேண்டும் என்றார்.

"எந்தக் கிளி?"

"மூக்கு கொஞ்சம் வெளியே நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். அவள் சிரித்துக்கொண்டே திரும்பும்போது அது..." அவர் தம் கன்னத்தில் ஓர் இடத்தைத் தொட்டுக் காட்டினார். "இங்கே படும். அவள் தள்ளிவிட்டுக்கொள்வாள்."

தில்லையம்மை அந்த இடத்தைக் கவனமாகப் பார்த்துக்கொண்டாள். பிறகு தராசை எடுத்தாள்.

"கேட்டுக்கோங்கய்யா. பொன்னு உங்களுது, அதுக்குக் காசில்ல. கண்ணுக்குக் கல்லு வைக்கணும், அடியில அரக்கு வைக்கணும். ரெண்டும் எடையில ஏறும். ஆனா அதுக்குப் பொன் விலை போட மாட்டோம், கழிச்சிடுவோம். கல்லுக்குக் கல்லு விலைதான்."

வந்தவர் குனிந்து தகடுகளைப் பார்த்தார். "அப்படியானால், ஒரு தோட்டை உருக்கினால் எடை குறைவது..."

"கல்லும் அரக்கும் போயிருக்கும். வாங்குறப்பவே அதுக்கு யாரும் பொன் விலை குடுத்திருக்க மாட்டாங்க. அதைப் போயி திருட்டுன்னு எவனாவது சொன்னான்னா..." அவள் செருப்பைப் பார்த்தாள். "சொன்னவங்க தெரியாம சொல்லியிருப்பாங்க."

பிறகு சேதாரம் சொன்னாள். செதுக்கும்போது விழுகிற பொடியைச் சேர்த்து எடுத்து, கிடைத்ததைக் கழித்துக்கொள்வதாகவும் சொன்னாள். செய்கூலி சொன்னாள், அது சேதாரத்தைவிட அதிகம். சொல்லிவிட்டு நிறுத்தினாள்.

"சட்டம் தெரியுமில்லையாய்யா? வாங்குற எங்களுக்கும் அபராதம், குடுக்குற உங்களுக்கும் அபராதம்."

"தெரியும். இரண்டையும் நானே அரண்மனையில் கட்டிவிடுகிறேன்."

"கூலியில ஏதும் குறைக்கணுமா?"

உள்ளே பத்தர் ஊதுவதை நிறுத்திவிட்டுக் காத்திருந்தார். தெருவில் ஒரு மாடு அசைபோட்டுக்கொண்டு நின்றது. வந்தவர் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, யாரும் பார்க்கவில்லை என்று இரண்டு பக்கமும் பார்த்தார்.

பிறகு தலையாட்டிவிட்டு, அவள் சொன்னதைச் சொன்னபடி எண்ணிக் கொடுத்தார். பத்தரின் வாசலில் இருந்த பலகையில் உட்கார்ந்து, உளிச்சத்தம் எப்போது கேட்கும் என்று காத்திருந்தார்.