கேட்காத கேள்வி

மானுடவியல் படித்துவிட்டுச் சாதி, மதம், அரசியல் என்று ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்த இன்பவல்லி, கீழமாத்தூர் பக்கம் ஒரு கோயில் திருவிழாவைப் படம்பிடிக்க வந்தாள். தர்மகர்த்தா வீரபாகு வாசலிலேயே மறித்தார்.

“எங்க ஊர்ல யாரும் யாரையும் சாதி கேக்க மாட்டோம். அதைப் படத்துல காட்டுறதா இருந்தா உள்ள வா. இல்லேன்னா இப்படியே திரும்பிப் போ.”

கேட்காத கேள்வியை எப்படிப் படம்பிடிப்பது? இன்பவல்லி சளைக்கவில்லை. கேமராவை அவர் முகத்துக்கு நேராக வைத்து ஓடவிட்டாள்.

“காட்டிடலாங்கய்யா. நானும் பக்கத்துல கீழமாத்தூர்தான்.”

அவர் முகம் மலர்ந்தது. “அட, நம்ம கீழமாத்தூரா! அங்க எந்தத் தெரும்மா?”

வாசலில் நின்றிருந்த தவில்காரர் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார்.

“கேக்கவே மாட்டோம்னு சொன்னீங்களே, அந்தத் தெருதாங்கய்யா.”