பள்ளி வாசலில் நல்லாயன்

மந்தமோ கெட்டியோ, எல்லாப் பிள்ளைகளையும் சேர்ப்பதாகச் சொன்ன நகர எல்லைக் கத்தோலிக்கப் பள்ளி அது. புதுத் தாளாளர் ஞானாதிக்கத்துக்கோ நூறு சதவீதத் தேர்ச்சி வேண்டும். கணக்கில் தோற்ற பன்னிரண்டு பேர் கையில் டி.சி.யைத் திணித்தார். என்ன அநியாயம்! அதில் பெயின்டர் சவரியானின் மகளும் ஒருத்தி.

நியாயம் கேட்கப் போனவனிடம், "அதெல்லாம் பேசாதே. மறைமாவட்ட ஆயர் வருகிறார். ஆட்டுக்குட்டியைத் தோளில் சுமக்கும் நல்லாயனை வாசல் சுவரில் வரை" என்றார்.

ஆயர் வந்து ஓவியத்தை மூடியிருந்த திரையை விலக்கினார். நல்லாயன் தோள் காலி.

"குட்டி எங்கேடா?" சீறினார் தாளாளர்.

"கணக்குல பெயிலு, ஃபாதர். நீங்கதானே டி.சி. கொடுத்துத் துரத்தினீங்க!"

ஆயர் முறைத்த முறைப்பில் தாளாளருக்கு வியர்த்தது. "சரிப்பா, குட்டியை வரைஞ்சிடு" என்று குழைந்தார்.

"பன்னிரண்டு பேரும் வகுப்புல உட்காரட்டும். அப்புறம்தான் பிரஷ்ஷைத் தொடுவேன்."

அடுத்த மணி அடிப்பதற்குள் உட்கார்ந்துவிட்டார்கள்.